திண்ணை தாங்கும் கூட்டம்

டார்ச் லைட்டைப் பாறைக்கு நேராகப் பிடித்தால் ஒன்றும் தெரியாது, வெறும் கல்தான். ஓரமாக ஒதுங்கி நின்றுகொண்டு, வெளிச்சம் பாறையைத் தடவிக்கொண்டு போகிற மாதிரிப் பக்கவாட்டில் அடிக்க வேண்டும். அப்போது சின்னச் சின்னப் பள்ளங்களில் நிழல் தேங்கும். நிழல் தேங்கிய இடமெல்லாம் எழுத்தாக எழுந்து வரும். கழுகுமலையில் தீர்த்தங்கரர் திருமேனிகளுக்கு அடியில் இருக்கிற வட்டெழுத்தை நான் இப்படித்தான் காட்டுகிறேன். பொழுது நன்றாக ஏறிவிட்டால் இது பலிக்காது. அதனால்தான் குளத்தூரிலிருந்து காலை நாலரைக்கே வண்டியை எடுத்துவிடுகிறேன்.

பதினைந்து வருஷமாக இதுதான் தொழில். ஒரு வேன், பத்துப் பேர், ஒரு பகல். விளாத்திகுளம், எட்டயபுரம், கோவில்பட்டி வழியாகக் கழுகுமலை. அங்கிருந்து தெற்கே இறங்கிக் கயத்தாறு. திரும்பும்போது கடம்பூர்ப் பக்கத்துக் கிராமங்கள், பாஞ்சாலங்குறிச்சி, இருட்டும் நேரத்துக்குக் குளத்தூர். எல்லாம் சேர்த்தாலும் இருநூறு கிலோமீட்டருக்குள் அடங்கிவிடும். ஊரில் என்னைப் ‘பழைய கல்லக் காட்டுற டிரைவர்’ என்பார்கள். அந்தப் பெயரை நான் விரும்புகிறேன். அது என்னைச் சரியாகச் சொல்கிறது.

அதற்கு முன்னால் நானும் எல்லா வேன்காரர்களையும் போலத்தான். கல்யாண வீட்டுக்கு ஆள் ஏற்றுவேன். வைகாசி விசாகத்துக்குத் திருச்செந்தூர், தசராவுக்குக் குலசேகரப்பட்டினம், சடங்கு வீடு, எழவு வீடு. ஒருநாள் ஓய்வுபெற்ற வாத்தியார் ஒருவர் மூன்று நாளைக்கு வண்டி வேண்டும் என்று கேட்டார். வாடகை பேசி முடித்தோம். எங்கே போகணும் என்றதற்கு, கழுகுமலை என்றார். மறுநாள் எங்கே என்றேன். கழுகுமலை. மூன்றாம் நாளும் அதுவே. கையில் ஒரு துணிப்பை, அதில் ‘தென்னிந்தியக் கல்வெட்டுகள்’ ஐந்தாம் தொகுதியின் நகல், ஒரு டார்ச், ஒரு கண்ணாடி, சோற்றுத் தூக்கு. முதல் நாள் வண்டியிலேயே படுத்துத் தூங்கினேன். இரண்டாம் நாள் சும்மா இருக்கிறோமே என்று பின்னாலேயே மலை ஏறினேன். அவர் டார்ச்சை என் கையில் கொடுத்து, இப்படிச் சாய்த்துப் பிடி தம்பி என்றார். நான் பிடித்தேன். அவர் ஒவ்வோர் எழுத்தாக வாசித்தார். கடைசியில் ‘செய்வித்த திருமேனி’ என்று நிறுத்தினார்.

யாரு செய்வித்தது சார் என்று கேட்டேன்.

“அதத்தான் எழுதி வச்சிருக்கான். பேரு, ஊரு, யாருக்கு மாணாக்கன்னு எல்லாம். ராஜா பேரு இல்லப்பா. ஒன்ன மாதிரி என்ன மாதிரி ஆளு.”

அன்றைக்கு நான் வண்டிக்குத் திரும்பி வந்தபோது நடையே வேறு மாதிரி இருந்தது. அந்த மலையை நூறு தடவையாவது கடந்து போயிருப்பேன். மேலே ஆயிரத்து இருநூறு வருஷத்துக்கு முந்தின ஆட்கள் பேர் எழுதி வைத்துவிட்டுப் போயிருக்கிறார்கள் என்று எனக்கு ஒருத்தரும் சொல்லவில்லை. வாத்தியார் பிறகு இரண்டு வருஷம் எனக்கு வட்டெழுத்து சொல்லிக்கொடுத்தார். சம்பளம் வாங்கவில்லை. டீசல் செலவும் அவர் கொடுக்கவில்லை. இருவருக்கும் சரியாகப் போயிற்று.

கழுகுமலையில் பெரும்பாலான வெளியூர்க்காரர்கள் பார்ப்பது அடிவாரத்தில் இருக்கும் கழுகாசலமூர்த்தி கோயிலை. முருகன் குடைவரைக்குள் இருக்கிறார். சென்னிகுளம் அண்ணாமலை ரெட்டியார் காவடிச்சிந்து பாடியது இந்த முருகனுக்குத்தான். அங்கே கும்பிட்டுவிட்டுத் திரும்பிப் போகிறவர்கள் பாதிப் பேர். மேலே ஏறினால் ஒரு பக்கம் வெட்டுவான் கோயில், இன்னொரு பக்கம் சமணச் சிற்பங்கள். பக்கத்தில் அய்யனார் இருக்கிறார். முருகன், சிவன், சமணர், அய்யனார் எல்லாரும் ஒரே மலையில்.

வெட்டுவான் கோயிலுக்கு நான் ஆட்களை நேராகக் கூட்டிக்கொண்டு போய் நிறுத்துவதில்லை. முதலில் பாறை விளிம்பில் உட்காரவைப்பேன். அங்கிருந்து பார்த்தால் கோயில் கீழே இருக்கும். நாம் அதன் தலையைப் பார்ப்போம். இதைக் கட்டவில்லை. மலையை மூன்று பக்கமும் சுமார் 25 அடி ஆழத்துக்கு வெட்டி இறக்கி, நடுவில் நின்ற ஒற்றைப் பாறையை உச்சியிலிருந்து கீழ்நோக்கிச் செதுக்கியிருக்கிறார்கள். கட்டுகிற கோயிலில் ஒரு கல் உடைந்தால் வேறு கல் வைக்கலாம். இங்கே மூக்கு ஒன்று சிதறினால் ஒட்டவைக்க வழி இல்லை. 8ஆம் நூற்றாண்டு, பாண்டியன் பராந்தக நெடுஞ்சடையன் காலத்து வேலை என்பார்கள். அதே நூற்றாண்டில்தான் எல்லோராவில் ராஷ்டிரகூடர்கள் கைலாசநாதர் கோயிலை இதே முறையில் மேலிருந்து வெட்டினார்கள். எத்தியோப்பியாவில் லாலிபெலா என்ற ஊரில் நானூறு வருஷம் கழித்து மாதாகோயில்களை இப்படியே தரைக்குள் வெட்டி இறக்கியிருக்கிறார்கள். ஒருவரை ஒருவர் பார்த்திராத ஆட்கள். கல் எல்லாருக்கும் ஒரே பாடத்தைத்தான் சொல்லிக்கொடுத்திருக்கிறது.

விமானத்தில் தட்சிணாமூர்த்தி மிருதங்கம் வாசிக்கிறார். மௌனமாக இருக்க வேண்டிய சாமி. விரல்கள் தோலில் படுகிற இடத்தைப் பாருங்கள் என்று மட்டும் சொல்வேன். கீழே வரவர வேலை நின்றுபோயிருக்கும். அடிப்பகுதி முழுக்க உளி பட்ட பாறையாகவே கிடக்கிறது. ஏன் முடிக்கவில்லை என்பதற்கு ஊரில் ஒரு கதை உண்டு. அப்பனும் மகனும் சிற்பிகள், அப்பன் கீழே வேலை செய்கிறான், மகன் மேலே செய்கிறான், மகன் வேலை உயர்ந்தது என்று ஊர் சொன்னதும் அப்பன் உளியாலேயே மகனை அடித்துவிட்டான் என்று. இந்தக் கதையை நான் முதலில் சொல்வதில்லை. முதலில் சொன்னால் எல்லாரும் கதையைத்தான் பார்ப்பார்கள். விளிம்பில் இருபது நிமிஷம் பேசாமல் உட்கார்ந்து, கீழே இறங்கிச் சுற்றி வந்து, அந்த முடியாத பாறையைக் கண்ணால் பார்த்த பிறகு யாராவது ஒருவர் தானாகக் கேட்பார்: ஏன் விட்டுட்டாங்க? அப்போது சொல்வேன்.

சமணச் சிற்பங்களுக்கு வந்தால் நான் வேறு ஆள். இங்கே நிறையப் பேசுவேன். வரிசை வரிசையாக அமர்ந்த தீர்த்தங்கரர்கள், ஒவ்வொருவர் தலைக்கு மேலும் முக்குடை. பார்சுவநாதருக்கு மேல் ஐந்தலை நாகம் படம் விரித்திருக்கும்; மேலே கமடன் பாறையைத் தூக்கி எறியப் பார்ப்பான். கொடி படர்ந்த பாகுபலி, இரண்டு பக்கமும் அவர் சகோதரிகள். சிங்கத்தோடு நிற்கும் அம்பிகா, பக்கத்தில் பிள்ளைகள். இவை பெரியவை, எல்லார் கண்ணும் முதலில் இவற்றில்தான் போய் நிற்கும். எனக்குச் சின்ன உருவங்கள்தான் முக்கியம். ஒரு முழம் உயரம்கூட இருக்காது. ஒவ்வொன்றுக்கும் கீழே ஒரு வரி, ஒன்றரை வரி. இந்த ஊர் இன்னார், இன்னாருக்கு மாணாக்கர், செய்வித்த திருமேனி. நூற்றுக்கும் மேற்பட்ட கல்வெட்டுகள் இங்கே இருக்கின்றன. சித்தாந்தம் சொல்லும் துறவிகளுக்கு உணவு அளிக்க ஏற்பாடு செய்த செய்தியும் உண்டு. அதாவது இந்த மலை ஒரு பள்ளிக்கூடம். பாடம் நடந்திருக்கிறது, சாப்பாடு போட்டிருக்கிறார்கள். ஆசிரியர்களில் பெண்கள் இருந்தார்கள். குரவர் என்றால் ஆண் ஆசிரியர், குரத்தியார் என்றால் பெண் ஆசிரியர். குரத்தியாருக்கு மாணவர்கள் இருந்ததைப் பாறையே சொல்கிறது. கூட்டத்தில் டீச்சர் யாராவது இருந்தால் அந்தச் சொல்லை அவர்களையே வாசிக்கச் சொல்வேன். எழுத்தை என் விரல் காற்றில் வரைந்து காட்டும். அவர்கள் கூட்டி வாசிப்பார்கள். கு, ர, த், தி. பிறகு ஒரு நிமிஷம் பேச்சு இருக்காது.

ஒருமுறை நாகர்கோவிலிலிருந்து ஒரு பெரியம்மா வந்திருந்தார். மகன் வற்புறுத்திக் கூட்டிவந்தது. மலை ஏற முடியாது, கீழேயே இருக்கிறேன் என்றவரை மெதுவாகக் கைபிடித்து ஏற்றினேன். டார்ச்சைச் சாய்த்துத் ‘திருக்கோட்டாறு’ என்று வாசித்தேன். இந்த மலையில் கோட்டாற்றுச் சமண ஆசிரியர்கள் பெயர் அடிக்கடி வரும். அந்த அம்மா பாறைக்கு முன்னால் அப்படியே உட்கார்ந்துவிட்டார்.

“எங்க வீடு கோட்டாத்துலதான்யா. மார்க்கெட்டுக்குப் பின்னால” என்றார். கொஞ்ச நேரம் கழித்து, “அங்கேருந்து நடந்தா வந்தாங்க?” என்று கேட்டார்.

நடந்துதானே வந்திருக்க வேண்டும். அந்தக் கேள்வியைப் பதினைந்து வருஷத்தில் வேறு யாரும் என்னிடம் கேட்டதில்லை.

இந்தப் பாறைக்கு நான் செய்த தவறையும் சொல்லியாக வேண்டும். ஆரம்பத்தில் டார்ச் வித்தை எனக்குச் சரியாக வரவில்லை. ஆட்களுக்கு எழுத்து தெரியவில்லையே என்ற அவசரத்தில் சாக்பீஸ் பொடியை எழுத்தின்மேல் தேய்த்துக் காட்டினேன். பளிச்சென்று தெரிந்தது. எல்லாரும் போட்டோ எடுத்தார்கள். எனக்குப் பெருமையாக இருந்தது. அடுத்த வாரம் வாத்தியாரோடு போனபோது அந்த வெள்ளை அங்கேயே இருந்தது. யார் செய்தது என்று அவர் கேட்கவில்லை. என் முகத்தைப் பார்த்தே தெரிந்துகொண்டார். “ஆயிரத்தி எரநூறு வருஷம் மழையும் காத்தும் தேச்சத விட, நீ ஒரு நாள்ல தேச்சது சாஸ்தி” என்றார். அவ்வளவுதான். கீழே இறங்கும் வரை என்னோடு பேசவில்லை. அன்றிலிருந்து பாறையை நானும் தொடுவதில்லை, யாரையும் தொடவிடுவதுமில்லை. எண்ணெய், தண்ணீர், சாக்பீஸ், விபூதி எதுவும் கிட்டே வரக்கூடாது. கடுமையாகப் பேசுகிறேன் என்று சிலருக்கு வருத்தம். பட்டுக்கொள்ளட்டும்.

மலை உச்சியில் நின்று தென்மேற்கே கை காட்டி ஓர் ஊர்ப் பெயர் சொல்வேன்: உக்கிரன்கோட்டை. பழைய பெயர் கரவந்தபுரம். மதுரை ஆனைமலையில் நரசிம்மர் குடைவரையைச் செய்வித்த மாறன் காரி, நெடுஞ்சடையனுக்கு அமைச்சர், இந்தக் கரவந்தபுரத்துக்காரர். அந்தக் கல்வெட்டு கி.பி. 770. மதுரையில் இருந்துகொண்டு ராஜ்யம் நடத்தியவர்களில் ஒருவர் நம்ம வறண்ட பக்கத்து ஆள். கரிசலில் என்ன இருக்கிறது, வேலிக்காத்தானும் வெயிலும்தானே என்று கேட்கிறவர்களுக்கு என் பதில் அந்த ஊர்ப் பெயர்தான்.

பத்துப் பேர் கணக்குக்கு வருகிறேன். அது வண்டியின் கணக்கு இல்லை. வண்டியில் பதினெட்டு சீட் உண்டு.

கயத்தாறுக்கும் கடம்பூருக்கும் நடுவில் ஒரு சின்னக் கிராமம். பெயரைச் சொல்லவில்லை; சொன்னால் ஞாயிற்றுக்கிழமை நாலு கார் போய் நிற்கும். அங்கே கம்மாய்க்கரை ஓரம் கல் நட்டிருக்கிறது, வாளும் கையுமாக வீரன். இந்தப் பக்கத்தில் இளவேலங்கால் போன்ற ஊர்களில் 16ஆம் நூற்றாண்டுப் போரில் விழுந்தவர்களுக்கு நட்ட கற்கள் இருக்கின்றன. மதுரை கைவிட்டுப் போன பிறகு பாண்டியர்கள் தென்காசியிலும் கயத்தாறிலும் இருந்து ஆண்ட காலம். கயத்தாறு அரசன் வெட்டும்பெருமாள் பெயர் இந்தப் பக்கத்தில் இன்னும் கதையாக நடமாடுகிறது. நான் சொல்லும் கிராமத்துக் கல்லில் எழுத்து எதுவும் இல்லை. ஆனால் வாரா வாரம் விளக்குப் போடுகிறார்கள். விளக்குப் போடுகிறவர் ஓர் ஆச்சி. கல்லுக்கு எதிர்வீடு அவருடையது. பழைய ஓட்டு வீடு. வாசலுக்கு இரண்டு பக்கமும் திண்ணை. இந்தப் பக்கம் ஐந்து பேர், அந்தப் பக்கம் ஐந்து பேர் உட்காரலாம்.

முதல் தடவை நான் ஆறு பேரோடு போனேன். கல்லைப் பார்த்துவிட்டு வெயிலில் நின்றவர்களை ஆச்சிதான் கூப்பிட்டார். “ஏன்யா வெயில்ல நிக்கீக, வந்து திண்ணையில ஒக்காருங்க.” பானைத் தண்ணீர் கொடுத்தார். தண்ணீரில் கொஞ்சம் வெட்டிவேர் போட்டிருந்தது. பிறகு அவர் பேசினார். கல்லில் இருப்பவர் அவர் புருஷன் வீட்டுக்கு மூத்தவர் என்றும், மழை பொய்த்த வருஷம் அவருக்குக் கம்பு வைத்துக் கும்பிட்டார்கள் என்றும், தன் கல்யாணத்தன்று முதலில் அந்தக் கல்லைத்தான் கும்பிடச் சொன்னார்கள் என்றும். நான் எதுவும் சொல்லவேண்டி இருக்கவில்லை. அன்று வந்த ஆறு பேரும் அந்த நாளைப் பற்றிப் பேசினால் ஆச்சியைப் பற்றித்தான் பேசுகிறார்கள். என்னைப் பற்றி இல்லை. அதுதான் சரி.

காசு கொடுத்தால் வாங்கமாட்டார். “காசு வாங்குனா ஓட்டலாயிரும்யா.” ஆனால் கோவில்பட்டிக் கடலைமிட்டாய் கொண்டுபோனால் வாங்கிக்கொள்வார். பொக்கை வாயில் ஊறவைத்துச் சாப்பிடுவார். நம்ம ஊர்ப் பக்கம் வேம்பாற்றுக் கருப்பட்டி கொண்டுபோனால் அன்றைக்கு எல்லாருக்கும் கருப்பட்டிக் காப்பி உண்டு. அப்புறம் ஒரு தடவை போனபோது பத்து எவர்சில்வர் டம்ளர் புதிதாக வாங்கி வைத்திருந்தார். பேத்தி கல்யாணத்துக்கு வாங்கியது என்றார். எனக்குத் தெரியும்.

ஓர் அலுவலகத்திலிருந்து நாற்பத்திரண்டு பேருக்கு ஏற்பாடு செய்யச் சொன்னார்கள். பெரிய பஸ். பணமும் நல்ல பணம். அந்த வருஷம் வண்டிக்கு எப்.சி. காட்டவேண்டி இருந்தது. ஒத்துக்கொண்டேன். கழுகுமலையில் முன்னால் நிற்கிறவர்களுக்கு மட்டும் எழுத்து தெரிந்தது. பின்னால் நின்றவர்கள் செல்பி எடுத்தார்கள். அவர்களைக் குறை சொல்ல என்ன இருக்கிறது, அவர்களுக்குக் காட்டுவதற்கு என்னிடம் வேறு ஒன்றும் இல்லை. மத்தியானம் அந்தக் கிராமத்துக்குள் பஸ் நுழையவே முடியவில்லை. மின்கம்பி தட்டுகிறது என்று ஊர் முகப்பில் நிறுத்தி எல்லாரும் நடந்தார்கள். ஆச்சி வழக்கம்போல வாங்கய்யா என்று எழுந்தார். நாற்பத்திரண்டு பேர் தெருவை அடைத்து நின்றதும் அவர் முகம் மாறியது. உட்காரச் சொல்ல இடம் இல்லை. பானைத் தண்ணீர் பதினைந்தாவது ஆளோடு தீர்ந்தது. குழாய்த் தண்ணீர் அன்றைக்கு வராத நாள். பக்கத்து வீட்டுக்குப் போய்க் குடத்தோடு கேட்டுவந்து ஊற்றினார். எழுபத்தைந்து வயசுக்காரர். நான் பார்த்துக்கொண்டு நின்றேன். கூட்டத்தில் யாரோ வீட்டுக்குள் எட்டிப் பார்த்து, உள்ளே போட்டோ எடுக்கலாமா என்று கேட்டார். ஆச்சி சேலைத் தலைப்பை இழுத்து விட்டுக்கொண்டு உள்ளே போய்விட்டார்.

அடுத்த வாரம் தனியாகப் போய் மன்னிப்புக் கேட்டேன். ஆச்சி கோபப்படவில்லை. “தண்ணி குடுக்க முடியலையேன்னுதான்யா இருந்துச்சு” என்றார். அன்று எண்ணினேன், திண்ணையில் எத்தனை பேர் உட்காரலாம் என்று. அந்த எண்ணிக்கைதான் இன்றுவரை.

போன் பண்ணுகிறவர்கள் பலருக்கு இது புரிவதில்லை. பன்னிரண்டு பேராக வரலாமா, குழந்தையை மடியில் வைத்துக்கொள்கிறோம் என்பார்கள். ஏஜென்சிக்காரர் ஒருவர் எட்டு இடம் ஒரே நாளில் காட்ட வேண்டும் என்று பட்டியல் அனுப்பினார். எட்டயபுரம், கழுகுமலை, கயத்தாறு, பாஞ்சாலங்குறிச்சி, ஒட்டப்பிடாரம், கொற்கை, ஆதிச்சநல்லூர், மணப்பாடு. ஒவ்வொன்றுக்கும் நாற்பது நிமிஷம். நான் முடியாது என்று சொல்லிவிட்டேன். எட்டயபுரத்தையே எடுத்துக்கொள்வோம். பாரதி பிறந்த வீடு இருக்கிறது, 1835இல் அந்த ஊரிலேயே காலமான முத்துசுவாமி தீட்சிதரின் சமாதி இருக்கிறது, சீறாப்புராணம் பாடிய உமறுப்புலவர் அடங்கிய இடம் இருக்கிறது. மூன்று பேரும் ஒரே சின்ன ஊரில். அதை நாற்பது நிமிஷத்தில் காட்டுகிறவன் எதையும் காட்டவில்லை. அதனால் கழுகுமலை போகிற நாளில் எட்டயபுரத்தில் நான் டீக்கு மட்டும்தான் நிறுத்துகிறேன். அதற்குத் தனி நாள் போட்டுக்கொள்ளலாம் என்று சொல்லிவிடுவேன்.

பிரான்சிலிருந்து வந்த ஒரு தம்பதி என்னிடம் நிறையக் கேள்வி கேட்டார்கள். தூத்துக்குடியில் ஒரு கல்லூரிப் பேராசிரியர் கூட்டிவந்தார், அவரே மொழிபெயர்த்தார். அவர்கள் ஊரில் இடைக்காலக் கிராமங்களுக்குச் சின்னச் சின்ன வேன்களில் ஏழெட்டுப் பேராகக் கூட்டிப்போவது பெரிய தொழிலாம். அழகான கிராமங்களுக்கென்றே ஒரு சங்கம் 1982இல் தொடங்கியிருக்கிறார்கள். இரண்டாயிரம் பேருக்கு மேல் மக்கள் இருந்தால் அந்த ஊரைச் சேர்க்கமாட்டார்களாம். எனக்கு அந்த விதி பிடித்திருந்தது. அந்த அம்மா கேட்டார்: எங்கள் ஊரில் கல் வீடு, கல் தெரு, மதில் எல்லாம் அப்படியே நிற்கிறது, இங்கே கோயிலும் சிற்பமும் மட்டும் இருக்கிறது, கிராமம் எங்கே?

நல்ல கேள்வி. அவர்களைக் கம்மாய்க்கரையில் ஏற்றினேன். நம் ஊரில் வீடு மண்ணும் ஓலையும். ஐம்பது வருஷத்துக்கு ஒருமுறை கரைந்து மறுபடி எழும்பும். ஊர் என்பது வீடு இல்லை, கம்மாய். கரை, மடை, மறுகால், ஓடை, கரையில் அய்யனார், அதற்குக் கீழே நஞ்சை. இந்த அமைப்பு பாண்டியர் காலத்திலிருந்து அப்படியே. அந்தக் காலத்துக் கல்வெட்டில் குளம் வெட்டியதும் மடை வைத்ததும் கரை உயர்த்தியதும்தான் மறுபடி மறுபடி வரும். எங்கள் ஊர்ப் பெயரே குளத்தூர். வீட்டை வைத்து ஊருக்குப் பெயர் வைக்கவில்லை, தண்ணீரை வைத்துத்தான். அந்தத் தம்பதி மடைக்கல்லின் மேல் கைவைத்துக்கொண்டு ரொம்ப நேரம் நின்றார்கள். கம்மாய் வறண்டு பாளம் பாளமாக வெடித்துக் கிடந்தது. வெடிப்புக்குள் என் முழங்கை வரை போகும். போட்டுக் காட்டினேன்.

ஐப்பசி, கார்த்திகையில் நான் கிராமத்துச் சாலைகளில் போவதில்லை. கரிசலில் நாலு தூறல் போட்டால் போதும். மண் செருப்பைப் பிடித்துக்கொள்ளும். பத்து அடி நடந்தால் ஒவ்வொரு காலிலும் ஒரு கிலோ இருக்கும். செருப்பைக் கழற்றிவிட்டு நடப்பதுதான் வழி. ஒரு வருஷம் மானம் வெளுத்திருக்கிறது என்று நம்பிப் போய், கயத்தாறு தாண்டி ஒரு வண்டிப்பாதையில் அச்சு வரை இறங்கிவிட்டது. டயர் சுழன்று சுழன்று களிமண் உருண்டையாக ஆகிவிட்டது. உளுந்துக் காட்டில் களை எடுத்துக்கொண்டிருந்த பெண்கள்தான் முதலில் வந்தார்கள். பருத்திமாரைக் கட்டுக் கட்டாகக் கொண்டுவந்து டயருக்கு அடியில் போட்டார்கள். பிறகு டிராக்டர் வந்தது. கூட வந்தவர்களில் பேங்க் மேனேஜர் ஒருவர் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு மண்ணில் இறங்கித் தள்ளினார். திரும்பும்போது அவர் வண்டியில் சொன்னார், காலில் இருக்கிற மண்ணை வீட்டுக்குப் போய்த்தான் கழுவுவேன் என்று.

கயத்தாறில் அதிக நேரம் இருப்பதில்லை. கட்டபொம்மனை 1799 அக்டோபர் 16 அன்று தூக்கிலிட்ட ஊர். 1970இல் சிவாஜி கணேசன் வைத்த சிலை நிற்கிறது. எல்லாரும் சினிமா வசனத்தைச் சொல்லிப் பார்ப்பார்கள். நான் கோதண்டராமேசுவரர் கோயிலுக்கு ஒரு நடை கூட்டிப் போய், கட்டபொம்மனுக்கு முன்னாலும் இந்த ஊர் ஒரு தலைநகரமாக இருந்தது என்று சொல்லிவிட்டு நகர்ந்துவிடுவேன். பாஞ்சாலங்குறிச்சியில் நிற்கும் கோட்டை 1974இல் கட்டியது என்பதை மறைக்காமல் சொல்வேன். பழைய கோட்டையின் அடித்தளம் பக்கத்தில் கிடக்கிறது. கட்டபொம்மனின் தம்பி ஊமைத்துரை 1801இல் மறுபடி எழுப்பிய கோட்டையையும் இடித்துத் தரைமட்டமாக்கினார்கள். அந்த அடித்தளத்தைக் காட்டுவதில்தான் எனக்குக் கவனம்.

மத்தியானச் சாப்பாடு ஓட்டலில் இல்லை. கழுகுமலைக்குப் பக்கத்தில் ஒரு மதினி குதிரைவாலிச் சோறு, பருப்புக் குழம்பு, சீனியவரைக்காய் வத்தல், மோர்மிளகாய் செய்து தருகிறார்கள். அவருக்கு இலைக்கு இவ்வளவு என்று கணக்கு. பத்து இலை என்றால் அவரும் மகளுமாகச் சமாளித்துவிடுவார்கள். ஒருநாள் பதினோராவது ஆளைச் சேர்த்துக்கொண்டு போனேன். அவர் ஒன்றும் சொல்லாமல் பரிமாறினார். பிறகு அடுப்படியில் மகள் வெறும் மோர் குடித்துக்கொண்டிருந்ததைப் பார்த்தேன்.

போன தைமாதம். வழக்கமான நாள், பத்துப் பேர். அறுவடை நேரம் என்பதால் மூன்று வாரமாக நான் போயிருக்கவில்லை. கிராமத்துக்குள் நுழைந்ததும் எதுவோ சரியில்லை என்று பட்டது. ஆச்சி வீடு பூட்டிக் கிடந்தது. வாசலில் கோலம் இல்லை. பக்கத்து வீட்டிலிருந்து ஒரு பிள்ளை ஓடிவந்தது. எட்டாம் வகுப்போ ஒன்பதோ படிக்கும்.

“மாமா, ஆச்சி செத்துப்போச்சு. பதினாறும் முடிஞ்சிருச்சு. ஒங்களுக்குப் போன் நம்பர் தெரியல.”

வந்தவர்களுக்கு ஆச்சியைத் தெரியாது. அவர்கள் என் முகத்தைப் பார்த்தார்கள். நான் கல்லுக்கு முன்னால் போய் நின்றேன். விளக்குப் போட்ட இடத்தில் எண்ணெய் ஈரம் இருந்தது.

யாரு தாயி விளக்குப் போட்டது என்று கேட்டேன்.

“நாந்தான். ஆச்சி சொல்லிட்டுப் போச்சு.” திரும்பி உள்ளே ஓடியது. ஒரு குடத்தையும் ஒரு தட்டில் டம்ளர்களையும் தூக்கிக்கொண்டு வந்து, பூட்டிய வீட்டுத் திண்ணையில் வைத்தது. “ஒக்காரச் சொல்லுங்க மாமா. எத்தன பேரு?”

பத்து என்றேன்.

அது டம்ளர்களை எண்ணியது. மறுபடி எண்ணியது. ஒன்பதுதான் இருந்தது. ஒன்று எழவு வீட்டுக் கூட்டத்தில் எங்கோ போயிருக்கிறது. இந்தப் பக்கம் ஐந்து பேரும் அந்தப் பக்கம் ஐந்து பேருமாக உட்கார்ந்தார்கள். முதலில் குடித்தவரின் டம்ளரை அலசிப் பத்தாவது ஆளுக்கு ஊற்றியது. கடைசியாக எனக்கு. தண்ணீரில் வெட்டிவேர் வாசம் இருந்தது.